நடுவான்கரையில் கோளாறா? அறிகுறி பார்த்துத் திருத்தும் வழி

மட்டக்களப்பு வாவிக்கு இரண்டு கரை. சூரியன் எழும்புகிற பக்கம் எழுவான்கரை, படுகிற பக்கம் படுவான்கரை. மூன்றாவது கரை ஒன்று எங்கள் வீட்டுக் கொப்பியில் இருக்கிறது. அதற்கு நடுவான்கரை என்று பெயர். 2022இல் கரண்ட் இல்லாத இரவுகளில் முற்றத்தில் பாயைப் போட்டு, மெழுகுதிரி கொளுத்தி, மகளும் நானும் பக்கத்து வீட்டில் பௌதிகவியல் படிப்பிக்கிற சேரும் (ஆசிரியர்) சேர்ந்து உண்டாக்கிய நிலம். கதை சொல்லி விளையாடுவதற்காகத்தான். ஒருவர் கதையை நடத்துவார். மற்றவர்கள் ஆளுக்கொரு பாத்திரமாக வள்ளம் ஏறி அந்தக் கரைக்குப் போவார்கள். முடிவு தெரியாத இடம் வந்தால் சோழி போட்டுப் பார்ப்பார்கள். அங்கே நேரம் மெதுவாக ஓடும். சக்தியும் நம் சொல் கேட்காது.

கொப்பியைப் படமெடுத்துக்கொண்டு போனவர்கள் இப்போது கல்முனையிலும் அக்கரைப்பற்றிலும் விளையாடுகிறார்கள். கிழமைக்கு இரண்டு பேராவது போன் எடுத்துவிடுகிறார்கள். "அண்ணன், உங்கட கரை வேலை செய்யுதில்ல."

எனக்குத் தொழில் றேடியோவும் மின்விசிறியும் திருத்துவது. கடைக்கு வருகிறவரிடம் "என்ன பழுது?" என்று கேட்டால் "கொயில் போயிட்டு" என்று அவரே தீர்ப்புச் சொல்லிவிடுவார். பெரும்பாலும் கொயில் நன்றாகத்தான் இருக்கும். "என்ன செய்யுது?" என்று கேட்க வேண்டும். "சுத்துது, ஆனா காத்து வருதில்ல" என்பார். அதில் பாதி வேலை முடிந்துவிடும். நடுவான்கரைக்கும் அப்படித்தான் எழுதியிருக்கிறேன். உங்கள் கதையில் என்ன நடக்கிறதோ அந்தத் தலைப்புக்குப் போங்கள். எல்லாவற்றையும் படிக்க வேண்டிய தேவை இல்லை. முதல் தலைப்பை மட்டும் விட்டுவிடாதீர்கள்.

கரையில் காலை வைத்ததும் ஆள் எரிந்துபோகிறார்

உங்கள் பிரதியின் முதல் பக்கத்தைப் பாருங்கள். "இங்கே ஒரு கிழமை, அங்கே ஒரு நாள்" என்று இருந்தால் அது பழைய பிரதி. வருகிற முறைப்பாட்டில் முக்கால்வாசி இந்த ஒரு வரியால்தான்.

கதையாகப் பார்த்தால் நல்ல வரி. ஆள் போய் ஒரு நாள் விருந்து சாப்பிட்டுத் திரும்பினால் வீட்டில் ஒரு கிழமை போயிருக்கும், தேடி அழுதிருப்பார்கள். நாங்களும் அப்படித்தான் நாலு மாதம் விளையாடினோம். ஒரு நாள் மகள், அப்போது உயர்தரத்தில் கணிதம் படித்துக்கொண்டிருந்தாள், பாயில் குப்புறப் படுத்துக்கொண்டு கேட்டாள்: "அப்பா, அங்க நிக்கிற ஆளுக்கு நம்மட சூரியன் எப்படித் தெரியும்?"

மெதுவாகத் தெரியும் என்றேன். "இல்லப்பா, வேகமாத் தெரியும்."

அவள் சொன்னதுதான் சரி. அந்த ஆளுக்கு ஒரு வினாடி போவதற்குள் வெளியே ஏழு வினாடி போய்விடும். ஏழு வினாடிக்கு வர வேண்டிய ஒளி அலை முழுவதும் அவருடைய ஒரு வினாடிக்குள் வந்து விழும். மீடிறன் (வினாடிக்கு எத்தனை அலை என்பது) ஏழு மடங்கு, அலைநீளம் ஏழில் ஒன்று. 550 நானோமீற்றர் பச்சை ஒளி அங்கே 79 நானோமீற்றர் ஆகிறது. அது கண்ணுக்குத் தெரியாத, தோலைப் பொசுக்குகிற புற ஊதா. ஒளித்துணிக்கை ஒவ்வொன்றும் ஏழு மடங்கு சக்தியோடு வருகிறது, அதுவும் ஏழு மடங்கு அடிக்கடி வருகிறது. ஏழேழு நாற்பத்தொன்பது. உச்சி வெயில் சதுர மீற்றருக்கு ஏறக்குறைய 1000 வாற் என்று வைத்தால் அங்கே 49,000 வாற். சதுர மீற்றருக்கு நாற்பத்தொன்பது அயன் பெட்டி என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

சரி, இரவில் போகலாமே என்று நான் தப்பப் பார்த்தேன். சேர் விடவில்லை. நம்மைச் சுற்றியிருக்கிற தண்ணீர், மணல், காற்று எல்லாமே வெப்பக் கதிரை விட்டுக்கொண்டுதான் இருக்கின்றன. நேரம் மெதுவாக ஓடும் இடத்தில், வெளியோடு சமநிலைக்கு வந்தபின் வெப்பநிலை அதே விகிதத்தில் கூடி நிற்கும். ரொல்மன் என்ற அறிஞர் 1930இல் காட்டிய விஷயம் இது. நம் இரவு 27 பாகை, அதாவது 300 கெல்வின் (இதற்குக் கீழே குளிர் இல்லை என்ற அடிமட்டத்திலிருந்து எண்ணுகிற அளவு). ஏழால் பெருக்கினால் 2100 கெல்வின். மகள் பாயில் நின்ற மெழுகுதிரியைக் காட்டினாள். அந்தச் சுடரின் மஞ்சள் இருக்கிறதே, அதைவிடக் கொஞ்சம் கூட. ஊர் முழுக்க, நிலம் முழுக்க, இரவு பகல் என்றில்லாமல் அந்தச் சூட்டில் நிற்கும். நாங்கள் விருந்துக்கு அனுப்பிய ஆட்களெல்லாம் உண்மையில் அடுப்புக்குள் போயிருக்கிறார்கள்.

திருப்பிப் போட்டு, அங்கே நேரம் ஏழு மடங்கு வேகம் என்று வைத்தால் இன்னும் மோசம். 300ஐ ஏழால் வகுத்தால் 43 கெல்வின் வரும். நைதரசன் 63 கெல்வினிலேயே உறைந்து கட்டியாகிவிடும். மூச்சு விடுகிற காற்று காலடியில் வெண்மணலாகக் கிடக்கும்.

திருத்தம்: விகிதத்தைக் குறையுங்கள். புதிய பிரதியில் "இங்கே 24 மணி, அங்கே இருபத்துமூன்றரை மணி" என்று மாற்றியிருக்கிறோம். நாற்பத்தெட்டு அரைமணியில் ஒன்று களவு போகிறது, அவ்வளவுதான். 300 கெல்வின் 306 ஆகும், 27 பாகை 33 ஆகும். சித்திரை மாதத்து வெக்கை. வள்ளத்தில் போகிறவர் அந்த எல்லையைத் தாண்டும்போது முகத்தில் ஒரு சூட்டுக் காற்று அடிக்கும், வேர்க்கும், மேற்சட்டையைக் கழற்றுவார். கதைக்கு அதுவே போதும். ஏழு மடங்கை விட மனம் வராதவர்கள் கரையைச் சுற்றி ஒளியும் வெப்பமும் புகாத மூடுபனிச் சுவர் கட்டுகிறார்கள். கட்டலாம். ஆனால் நிலா தெரியாது. நிலா தெரியாத வாவி எனக்குப் பிடிக்காது.

இரண்டு கடிகாரமும் வேறு வேறு நேரம் காட்டுகின்றன, ஆனால் வித்தியாசம் கூடவே இல்லை

இது கோளாறே இல்லை. வேறு ஒரு நிலத்தின் விதியைக் கொண்டுவந்து போட்டுவிட்டீர்கள்.

சின்னப் பிள்ளைகளுக்குத் தெரியாது என்பதால் சொல்கிறேன். 1996 மே மாதம் இலங்கையின் நேரத்தை ஒரு மணி முன்னே தள்ளினார்கள். வரட்சியால் நீர்மின்சாரம் குறைந்த வருஷம் அது, வெளிச்சத்தை மிச்சம் பிடிக்கச் செய்த ஏற்பாடு. அதே ஒக்ரோபரில் அரை மணி பின்னுக்கு எடுத்தார்கள். மிச்ச அரை மணி 2006 ஏப்ரல் வரை அப்படியே நின்றது. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகளில் மட்டும் பழைய நேரமே ஓடியது. அந்தக் காலத்தில் மண்முனைத் துறையில் பாதை ஏறிப் படுவான்கரைக்குப் போனால், வாவியின் ஒரு பக்கத்தில் காலை எட்டு, மறுபக்கத்தில் ஏழரை. (எங்கள் பக்கம் ஆளையும் சைக்கிளையும் ஏற்றி வாவியைக் கடக்கிற மிதவைக்குப் பெயரே பாதைதான். மண்முனையில் 2014இல் பாலம் வந்துவிட்டது.) ஒரு கலியாண வீட்டுக்கு லவுட்ஸ்பீக்கர் கட்டப் போனபோது, "முகூர்த்தம் பழைய நேரமா, புது நேரமா?" என்று நாலு பேரிடம் கேட்டும் நாலு பதில் வந்தது. நான் வயரை இழுத்துக் கட்டி முடிக்குமுன் தாலி ஏறிவிட்டது. நாதஸ்வரக் கசெற்றைப் பந்தியில் போட்டார்கள்.

அது முள்ளைத் தள்ளி வைத்த நேரம். நடுவான்கரையில் இருப்பது மெதுவாக ஓடுகிற நேரம். இரண்டும் ஒன்றல்ல. பார்ப்பது சுலபம்: உங்கள் பாத்திரத்தைப் பத்து நாள் அங்கே இருத்திவிட்டு வெளியே எடுங்கள். வித்தியாசம் அரை மணியாகவே இருந்தால் முள்ளைத் தள்ளியிருக்கிறீர்கள். ஐந்து மணி ஆகியிருந்தால் சரியாக ஓடுகிறது. முள்ளைத் தள்ளுவதற்குச் சக்தி செலவு கிடையாது, வெப்பம் கூடாது, நிறம் மாறாது. ஓட்டம் மாறினால் எல்லாம் மாறும்.

எந்தக் கரையில் நிற்கிறேன் என்றே தெரியவில்லை

இது என் தொழிலோடு வந்த கேள்வி, ஆகவே சந்தோஷமாகச் சொல்கிறேன். ஒரு பழைய எப்எம் றேடியோவை வள்ளத்தில் வைத்துக்கொள்ளுங்கள். ஊசியைக் கையால் திருகுகிற றேடியோ. எழுவான்கரையில் 98இல் பிடித்த நிலையம், எல்லை தாண்டியதும் இரைந்து மறைந்துவிடும். குமிழை மெல்லத் திருகிக்கொண்டே வாருங்கள். 100 தாண்டி ஒரு நூல் தள்ளி மறுபடி கிடைக்கும். 98ஐ 48ஆல் பெருக்கி 47ஆல் வகுத்தால் 100.1. அதே பாட்டு, அதே அறிவிப்பாளர், ஆனால் கொஞ்சம் அவசரம். சுருதியும் ஏறியிருக்கும், அரைச் சுரத்தில் மூன்றில் ஒரு பங்குக்குச் சற்றுக் கூட. எனக்குத் தெரியாது, உங்களுக்கும் தெரியாமல் போகலாம். கூத்துக்கு மத்தளம் அடிக்கிற ஆளை வள்ளத்தில் வைத்திருந்தால் "என்ன இது, இழுத்துக் கட்டினது போல" என்பார்.

கைபேசியை நம்ப வேண்டாம். 2100 மெகாஹேர்ட்ஸில் வருகிற அலை அங்கே 45 அளவு மேலே போய்விடும், கோபுரத்தோடு அது பேசவே முடியாது. "சேவை இல்லை" என்று காட்டும். காட்டினால் எல்லை தாண்டிவிட்டீர்கள் என்று வைத்துக்கொள்ளலாம். வாகரைப் பக்கம் போனாலும் சில இடங்களில் அப்படித்தான் காட்டும் என்பது வேறு கதை.

வயர் இழுத்தோம், அனுப்பிய மின்சாரத்தைவிடக் கூடுதலாக வந்து சேர்கிறது

கல்முனைக் குழுவினர் நடுவான்கரைக்கு மின்கம்பம் நட்டுவிட்டார்கள். எழுவான்கரை மீற்றர் 100 அலகு போனது என்கிறது, அங்கே 102க்கு மேல் காட்டுகிறது. இலவசமாக இரண்டு அலகு! மறுகா, அதை வைத்து ஐஸ் தொழிற்சாலை.

மீற்றர் பழுதில்லை. 50 ஹேர்ட்ஸில் புறப்பட்ட மின்சாரம் அங்கே 51 ஹேர்ட்ஸாகத்தான் தெரியும், ஒவ்வோர் அலகும் அதே விகிதத்தில் கனமாகத் தெரியும். மேட்டிலிருந்து பள்ளத்துக்கு இறங்குகிற தண்ணீர் வேகம் பிடிப்பது மாதிரி. அந்த 102ஐ அப்படியே திருப்பி எழுவான்கரைக்கு அனுப்பிப் பாருங்கள். ஏறி வரும்போது இளைத்து, 100ஆக வந்து நிற்கும். ஐஸ் தொழிற்சாலை ஓடட்டும், ஆனால் அதற்கு இலாபம் என்று ஒன்றும் இல்லை.

திருத்தம் தேவையில்லை. அங்குள்ள மின்விசிறிகள் கொஞ்சம் வேகமாகச் சுற்றும், அதையும் எழுதிவிடுங்கள்.

போக முடிகிறது, திரும்பி வர முடியவில்லை

மேலே சொன்ன பள்ளத்தை உண்மையாகக் கணக்குப் பார்த்தவர்களுக்கு வருகிற கோளாறு இது. பார்க்காதவர்களுக்கு வராது.

நிஜ உலகத்திலும் நேரம் இடத்துக்கு இடம் வேறு வேகத்தில்தான் ஓடுகிறது. 2010இல் அமெரிக்காவில் இரண்டு அணுக்கடிகாரங்களை 33 சென்ரிமீற்றர் உயர வித்தியாசத்தில் வைத்துப் பார்த்தார்கள். இரண்டு படிக்கட்டு உயரம். மேலே இருந்தது வேகமாக ஓடியது. போனில் வழி காட்டுகிற ஜீபீஎஸ் செய்மதிகளின் கடிகாரம் தரையைவிட நாளொன்றுக்கு 38 மைக்ரோ வினாடி முந்துகிறது, திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் உங்களைப் பத்துக் கிலோமீற்றர் தள்ளிக் காட்டும். ஆக நேரம் மெதுவாவது புதுமை இல்லை. புவியின் ஈர்ப்புப் பள்ளத்தில் ஆழமாக நிற்கிறவருக்கு நேரம் மெதுவாக ஓடும்.

ஆனால் அந்தப் பள்ளம் எவ்வளவு ஆழம் என்பதில்தான் விஷயம். நாளுக்கு 38 மைக்ரோ வினாடிக்கே செய்மதியை 20,000 கிலோமீற்றர் உயரத்துக்கு ஏற்ற வேண்டியிருக்கிறது. நாங்கள் கேட்பதோ நாளுக்கு அரை மணி. சேர் கணக்கைப் போட்டு, கொப்பியை என் பக்கம் தள்ளிவிட்டுப் பேசாமல் இருந்தார். நடுவான்கரையிலிருந்து ஒரே ஒரு கிலோ அரிசியை எழுவான்கரைக்குக் கொண்டுவர 400 கிலோதொன்னுக்கு மேற்பட்ட வெடிமருந்தின் சக்தி வேண்டும். ஹிரோஷிமாவில் போட்டது போல ஏறக்குறைய முப்பது. ஒரு கிலோ அரிசிக்கு.

இந்தக் கணக்கை நேர்மையாக வைத்தால் விளையாட்டு அந்த இடத்திலேயே முடிந்துவிடும். ஆகவே இங்கே மட்டும் நாங்கள் பொய் சொல்கிறோம். கொப்பியில் சிவப்புப் பேனாவால் எழுதியிருக்கும்: "எல்லையைத் தாண்டும் விலை உண்மையான விலை அல்ல." ஒரு பொய், ஒரே இடத்தில், தெரிந்தே. மற்ற எல்லா இடத்திலும் கணக்கு ஒட்ட வேண்டும்.

பொய் என்றாலும் இலவசம் இல்லை. திரும்பி வருகிறவர் துடுப்புப் போடும்போது வள்ளம் சேற்றில் இழுபடுவது போலக் கனக்கும். கரை ஏறியதும் பசி வயிற்றைப் புரட்டும். எங்கள் விளையாட்டில் சோழி போட்டு, விழுந்த எண்ணுக்கு அத்தனை கோப்பை சோறு அவர் சாப்பிட வேண்டும். வீட்டில் சோறு இல்லையென்றால் வெளியே வரக்கூடாது. ஒரு முறை மகளின் பாத்திரம் கரையில் கால் வைத்து, சட்டியில் பழஞ்சோறுதான் இருக்கிறது என்று கேட்டு, மறுபடி வள்ளத்தில் ஏறிவிட்டது.

பௌர்ணமிக்குப் பௌர்ணமி சக்தி கூடிக்கொண்டே போகிறது

அக்கரைப்பற்றிலிருந்து ஒரு தம்பி. கெட்டிக்காரப் பொடியன். கொப்பியில் "பௌர்ணமி இரவில் அங்கே எல்லாவற்றின் எடையும் பாதி" என்று ஒரு வரி இருந்தது, நான்தான் அழகுக்காக எழுதினேன். அவர் அதை வைத்து ஒரு நெல் மில்லையே நடத்திவிட்டார்.

ஆயிரம் லீற்றர் தண்ணீரைப் பத்து மீற்றர் உயரத் தாங்கிக்கு ஏற்றச் சாதாரண நாளில் 98,000 யூல் வேண்டும். பௌர்ணமியில் எடை பாதி, ஆகவே 49,000 போதும். ஏற்றி வைத்துவிட்டு அடுத்த நாள், எடை முழுதாக இருக்கும்போது, கீழே விட்டால் 98,000 திரும்பி வருகிறது. மிச்சம் 49,000 யூல் கையில். ஒரு 9 வாற் எல்ஈடி பல்ப் ஒன்றரை மணி நேரம் எரியும். சின்னதுதானே என்று நானும் நினைத்தேன். அவர் தாங்கியை விட்டு, இங்கினியாகல குளத்தையே நடுவான்கரைக்குக் கொண்டுபோய்விட்டார். சேனாநாயக்க சமுத்திரம்! அங்கே நிஜத்தில் இருக்கிற நீர்மின் நிலையத்தின் திறன் சுமார் 11 மெகாவாற். அவருடைய கதையில் மூன்று மாதத்தில் நாடு முழுவதற்கும் மின்சாரம் விற்றுக்கொண்டிருந்தார், மற்றப் பாத்திரங்களெல்லாம் அவரிடம் கடன்பட்டிருந்தன.

ஏன் இப்படி ஆகிறது என்றால், நேரமும் சக்தியும் ஒரே கயிற்றின் இரண்டு முனை. எமி நோதர் என்ற ஜேர்மன் கணிதப் பெண்மணி 1918இல் நிறுவியது: இயற்கையின் விதிகள் இன்றும் நாளையும் ஒரே மாதிரி இருந்தால்தான் சக்தி கூடாமல் குறையாமல் இருக்கும். நாளுக்கு நாள் விதி மாறினால் அந்தக் காப்பு போய்விடும். அரை மணி களவு போகிற விதி என்றைக்கும் ஒன்றுதான், ஆகவே அதில் ஓட்டை இல்லை. பௌர்ணமி விதி மாதத்துக்கு ஒரு முறை மாறுகிறது. அந்தத் தம்பி விழுந்தது அந்த ஓட்டையில்தான்.

திருத்தம் இரண்டு. சுருக்கமானது, அந்த வரியை வெட்டிவிடுவது. எனக்கு மனம் வரவில்லை, ஆகவே மற்றதைச் செய்தோம்: பௌர்ணமி முடிந்து எடை திரும்பும்போது, குறைகிற 49,000 யூலை வாவித் தண்ணீர் கொடுக்கும். தண்ணீரில் வெப்பமாக எவ்வளவு சக்தி இருக்கிறது என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. அதே ஆயிரம் லீற்றரை ஒரு பாகையில் நூறில் ஒரு பங்குக்குச் சற்றுக் கூடக் குளிரவைத்தாலே அந்தக் கடன் தீர்ந்துவிடும். தாங்கி ஒன்றென்றால் யாருக்கும் தெரியாது. குளத்தை ஏற்றினால் வாவி குளிரும், மீன் ஆழத்துக்குப் போகும், மீன்பிடிகாரர்கள் மில்காரத் தம்பியின் வீட்டு வாசலில் வந்து நிற்பார்கள். கதை தானாகவே நடக்கும். வெப்பத்தை இப்படி முழுதாக வேலையாக மாற்ற முடியாதே என்று சேர் இன்னும் முறைத்துக்கொண்டிருக்கிறார். அது அவருக்கும் எனக்கும் உள்ள பிரச்சினை.

தேத்தண்ணி ஆறாமல் கொதிக்கிறது

உங்கள் பிரதியில் யாரோ கழித்தல் குறி போட்டிருக்கிறார்கள். நேரம் மெதுவாக ஓடவில்லை, பின்னோக்கி ஓடுகிறது.

கோப்பையைப் பார்த்தால் போதும். முதலில் மேசையில் ஈர வட்டம் ஒன்று. அது சுருங்கிக் கோப்பையின் அடியில் ஏறும். ஆறிப்போன பிளேன்ரீயின் மேல் படிந்த ஆடை உடைந்து கரையும். அறையின் காற்றிலிருந்து சூடு ஊர்ந்து வந்து கோப்பைக்குள் சேரும். ஆவி மேலிருந்து இறங்கும். நாக்கில் இருந்த சீனி திரும்பிக் கரண்டிக்குப் போகும். வாசிக்க நன்றாக இருக்கிறது, நானும் ரசித்தேன். ஆனால் அந்தக் கோப்பையைக் குடிக்க ஆள் இல்லை. குடிப்பவரின் ஞாபகமும் பின்னோக்கித்தான் ஓடும். அவருக்கு எதுவும் வித்தியாசமாகத் தெரியாது, ஆறுகிற தேத்தண்ணியைத்தான் அவர் காண்பார். வெளியிலிருந்து பார்க்கிறவர் கை நீட்டினால் எந்த விதி வேலை செய்யும் என்பதற்கு எங்களிடம் பதில் இல்லை. குறியை அழித்துவிடுங்கள்.

தம்பி அண்ணனாகிவிட்டான்

ஒரு வருஷம் மூத்த அண்ணன் நடுவான்கரையில் கலியாணம் கட்டி அங்கேயே தங்கிவிட்டார். தம்பி எழுவான்கரையில். நாற்பத்தெட்டு வருஷத்துக்கு ஒரு வருஷம் களவு போவதால் நாற்பத்தெட்டாம் வருஷம் இரண்டு பேருக்கும் ஒரே வயது. அதற்கு அடுத்த நாளிலிருந்து தம்பி மூப்பு. யாரை யார் எப்படிக் கூப்பிடுவது?

பௌதிகவியலில் இதற்கு விடை இல்லை. நான் பெத்தாவிடம், அதாவது பாட்டியிடம், கேட்டேன். "முதல்ல பொறந்தவன்தான் அண்ணன். நரைச்சது ஆருக்கு எண்டா கேக்காங்க?" என்றார். விதியாக எழுதிவிட்டோம்.

சடங்கு வேறு நாளில் வருகிறது

இதுவும் அந்த இனம்தான். கண்ணகி அம்மன் கோயில் கதவு வருஷத்தில் ஒரு முறை வைகாசியில் திறந்து, குளிர்த்தி என்ற சடங்கோடு மூடும். நடுவான்கரைக்காரர் தங்கள் கடிகாரத்தில் 365 நாளை எண்ணிக்கொண்டு எழுவான்கரைக் கோயிலுக்கு வந்தால், முதல் வருஷமே ஏழெட்டு நாள் பிந்திவிடுவார்கள். கதவு பூட்டிக் கிடக்கும். அவர்கள் எண்ணக்கூடாது, அண்ணாந்து பார்க்க வேண்டும். நிலா இரண்டு கரைக்கும் ஒன்றுதான். பௌர்ணமிக்குப் பௌர்ணமி நமக்கு இருபத்தொன்பதரை நாள் என்றால், அவர்களுடைய கடிகாரத்தில் கிட்டத்தட்ட இருபத்தொன்பது. நிலாவைப் பிடித்துக்கொண்டால் பிந்த மாட்டார்கள். மூடுபனிச் சுவர் எனக்குப் பிடிக்காததற்கு இதுவும் ஒரு காரணம்.

மாரியில் கரை மூழ்குகிறது

பழைய பிரதியில் மட்டும் வரும். வெளியே ஒரு வருஷத்து மழை அங்கே ஐம்பத்திரண்டு நாளில் கொட்டும். விகிதத்தை மாற்றுங்கள். அப்படியும் மூழ்கினால் அது நடுவான்கரையின் பிழை அல்ல, முகத்துவாரம் மண்ணால் மூடியிருக்கும். எங்கள் பக்கம் செய்வது போல வெட்டிவிடுங்கள்.

மீன் பாட்டுக் கேட்கவில்லை

நிறையப் பேர் கேட்கிறார்கள். கொப்பியின் கடைசிப் பக்கத்தில் மீன் பாடும் என்று எழுதியிருக்கிறது, எங்கள் விளையாட்டில் ஒருநாளும் கேட்கவில்லை என்கிறார்கள். விகிதத்தைத் தொடாதீர்கள். நிலா இருக்கிறதா என்று பாருங்கள். நிஜ வாவியில், கல்லடிப் பக்கம் கேட்டவர்கள் சொல்வதும் பௌர்ணமியை ஒட்டிய, காற்றில்லாத இரவைத்தான். துடுப்பைத் தண்ணீரில் இறக்கி, மேல் நுனியில் காதை வைக்க வேண்டும். பாத்திரம் துடுப்பு வள்ளத்தில் போகிறதா, மோட்டார் வள்ளத்திலா?

மோட்டாரை நிறுத்திப் பாருங்கள். அப்படியும் கேட்காவிட்டால் எனக்குப் போன் எடுங்கள். இரவு எட்டுக்குப் பிறகு, எழுவான்கரை நேரம்.